பீமுக்கு அடியில் விரிசல் ஏன்?

கும்மிடிப்பூண்டி பக்கம் புதுவீடு கட்டியவர்கள் பலர் சொல்வது: பீமும் செங்கல் சுவரும் சேருமிடத்தில், ஸ்கேல் வைத்துக் கோடு போட்டாற்போல் ஒரு விரிசல். "சிமெண்ட் கலப்படம்" என்று கொத்தனாரைத் திட்டுவார்கள். பெரும்பாலும் குற்றம் அவசரத்தின்மேல்.

வெயிலில் கான்கிரீட் ஒரு டிகிரிக்குப் பத்து லட்சத்தில் சுமார் 10 பங்கு நீளும்; செங்கல் ஏறக்குறைய அதில் பாதிதான். 5 மீட்டர் பீம் 20 டிகிரி சூடேறினால் 1 மில்லிமீட்டர் நீளும். சுவர் அரை மில்லிமீட்டரோடு நிற்கும். மிச்ச அரைதான் கண்ணில் படும் கோடு. போதாததற்கு, புதுச் சுவரின் கலவை காயக் காயச் சுருங்கி, சுவர் பீமைவிட்டுக் கீழே இறங்கும்.

பீமைத் தாங்கும் முட்டுகளை எடுத்தபின் பீமும் கொஞ்சம் தொய்யும். இந்தியத் தர நிர்ணயம் ஐ.எஸ். 456-இன்படி, சாதாரண சிமெண்டில் போட்ட 6 மீட்டர் வரையிலான பீமுக்கு முட்டு 14 நாள் இருக்கவேண்டும். அதற்குமேல் நீளமென்றால் 21. ஆனால் வாடகை சென்ட்ரிங் பலகைக்கு அடுத்த சைட்டிலிருந்து போன் வந்துவிடுமே!

ஆகவே சுவரின் கடைசி வரிசையைச் சில நாள் விட்டுவைத்து, பிறகு கலவையை இறுக்கி அடைப்பது நல்லது. பூசுமுன் சந்திப்பின் இருபக்கமும் படியுமாறு கோழிவலை அடிக்கவேண்டும். சாம்பல் செங்கல் என்றால் இன்னும் கவனம்: முழுதாக ஆறாத கல் சுவரேறியபின்னும் சுருங்கும்.