ஓபராவுக்குக் கைவிளக்கு

சென்ற கோடை விடுமுறையில் நண்பர் ஒருவர் தம்மிடமிருந்த இசைத்தட்டுகள் சிலவற்றை நம் இல்லத்தில் கொடுத்துவிட்டுப் போனார். இத்தாலிய மேதை வெர்டி இயற்றிய 'ரிகொலெட்டோ' என்னும் ஓபரா அது. இரவுச் சாப்பாடு முடிந்ததும் வீட்டார் அனைவரும் கூடத்தில் அமர்ந்து கேட்கத் தொடங்கினோம். பத்து நிமிஷத்துக்குள் குழந்தைகள் ஒவ்வொருவராக எழுந்து போய்விட்டார்கள். அத்தை மட்டும் கடைசி வரையில் பொறுமையாக இருந்தார். முடிந்தபின், "ஒருவன் உல்லாசமாய்த்தானே பாடினான்? அதைக் கேட்டு இன்னொருவன் ஏன் இப்படி அலறுகிறான்?" என்று நம்மைக் கேட்டார்.

நமக்கு விடை தெரியவில்லை. இருபது ஆண்டுகளாகப் பிறருக்குப் பாடம் சொல்லிவரும் நாம், பாடம் படிக்காமல் வந்த பிள்ளையைப் போல் விழித்தோம். அந்த வெட்கமே நம்மைப் புத்தகங்களிடம் அனுப்பியது.

ஓபரா என்பது பேச்சின் இடத்தில் பாட்டை வைத்துக் கதை நடத்தும் சங்கீத நாடகம். பாஷை தெரியாது; கதை தெரியாது; நேரமோ மூன்று மணி. இந்நிலையில் கேட்பவன் எழுந்துபோனால் அவனைக் குறை கூறுவதற்கில்லை. இது நமக்கு மட்டும் உள்ள கஷ்டமும் அன்று. லண்டன் மாநகரில் இத்தாலிய ஓபரா நாகரிகமாகிவிட்ட காலத்தில், 1711ஆம் ஆண்டிலேயே, அடிசன் என்னும் ஆசிரியர் தமது 'ஸ்பெக்டேட்டர்' பத்திரிகையில் இதைப் பரிகாசம் செய்தார். சொந்த தேசத்திலேயே அந்நியரைப் போல் உட்கார்ந்து, தமக்குப் புரியாத பாஷையில் நாடகம் பார்த்தவர்களைப் பற்றிப் பிற்காலத்தார் என்ன நினைப்பார்கள் என்பது அவர் கேள்வி.

மெழுகு சொட்டிய ஏடுகள்

கட்டணம் செலுத்தும் எவரும் நுழையக்கூடிய முதல் ஓபரா அரங்கு 1637இல் வெனிஸ் நகரத்தில் திறக்கப்பட்டது. அதற்கு முன் ஓபரா பிரபுக்களின் அரண்மனை விருந்தாக இருந்தது. பொதுஜனங்கள் உள்ளே வந்தவுடன் அவர்களுக்கு வழிகாட்ட ஒரு புத்தகமும் தேவையாயிற்று. பாட்டுகளும் வசனங்களும் அடங்கிய அந்த ஏட்டுக்கு 'லிப்ரெட்டோ', அதாவது 'சிறு புத்தகம்', என்று பெயர். முன்னாளில் நம் சினிமாக் கொட்டகை வாசலில் விற்ற பாட்டுப் புத்தகத்தின் மூத்த உறவினர் என்று சொல்லலாம். ரசிகர்கள் அதனுடன் சிறு மெழுகுவத்தியையும் வைத்துக்கொண்டு, அந்த வெளிச்சத்தில் வரிக்கு வரி படித்துக்கொண்டே கேட்டார்கள். மெழுகு சொட்டிய கறையுடன் அக்காலத்து ஏடுகள் சில இன்றும் உள்ளன. தமக்குப் புரிய வேண்டும் என்று சாமானியர்கள் பட்ட ஆவலுக்கு அக்கறையைக் காட்டிலும் வேறு அத்தாட்சி வேண்டுமோ?

இரண்டு வகை ஆசான்கள்

பாட்டை அச்சிட்டுத் தருவது ஒன்று. பாட்டை விளக்குவது வேறொன்று. ஜெர்மானிய மேதை வாக்னரின் 'நிபெலுங்கின் மோதிரம்' நான்கு நாட்கள் நடப்பது. அது 1876இல் பைரோய்ட் நகரில் முதன்முறை முழுமையாக அரங்கேறியபோது, ஹான்ஸ் ஃபான் வொல்ட்ஸோகன் என்பவர் ஒரு கையேடு வெளியிட்டார். வாளுக்கு ஒன்று, மோதிரத்துக்கு ஒன்று என்று திரும்பத் திரும்ப வரும் இசைத் துணுக்குகளுக்கெல்லாம் அவர் பெயர் சூட்டினார். உதவியான நூல்தான். ஆனால் அதை மட்டும் கற்றவர், "இதோ வாள், இதோ மோதிரம்" என்று ஆஜர் எடுப்பதிலேயே காலத்தைக் கழிப்பார். சங்கீதம் அவரைக் கடந்து போய்விடும்.

பெர்னார்ட் ஷா 1898இல் இதே ஓபராவைப் பற்றி எழுதிய நூல் வேறு மாதிரியானது. பூமிக்கடியில் சவுக்கடி பட்டுப் பொன் எடுக்கும் குள்ளர்களை அவர் தம் காலத்து ஆலைத் தொழிலாளர்களாகக் கண்டார். அணிந்தவனை மறைத்துவிடும் மாயத் தொப்பியோ, உழைப்பாளிகளின் கண்ணுக்கே தெரியாமல் லாபம் பெறும் பங்குதாரரின் உயர்ந்த தொப்பி! அவர் சொல்வதையெல்லாம் ஒப்ப வேண்டுவதில்லை. நான்காம் நாள் நாடகத்துக்குத் தம் விளக்கம் பொருந்தவில்லை என்பதை அவரே ஒளிக்கவில்லை. எனினும் அந்நூலைப் படித்தவன் ஓபராவைக் கேட்காமல் இருக்க முடியாது. நல்ல ஆசானின் இலக்கணம் அதுவே அல்லவா?

வீட்டில் இருக்க வேண்டியவை

கதைகளுக்கு ஒரே பெரும் களஞ்சியம் வேண்டுவோர் நாடுவது குஸ்தாவ் கோபே என்ற அமெரிக்க விமர்சகரின் நூல். அவருடைய முடிவு பரிதாபமானது. 1918 ஜூலையில் அவர் படகோட்டிக்கொண்டிருந்தபோது, நீரில் இறங்க வந்த கடற்படை விமானம் ஒன்று அப்படகின்மேல் மோதி உயிர் துறந்தார். அவர் எழுதிவைத்திருந்த பிரதி மறு ஆண்டு வெளிவந்தது. பின்னர் ஹேர்வுட் பிரபு அதைத் திருத்தி விரித்து 1954இல் வெளியிட்டார். ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் பேரனாகிய இவர் இரண்டாம் உலக யுத்தத்தில் ஜெர்மானியரிடம் சிறைப்பட்டிருந்தவர். ஆனால் கோபேயின் நூல் அகராதி போன்றது. தேவையான பக்கத்தைத் திறந்து பார்க்கலாமே தவிர, முதலிலிருந்து படித்தால் தூக்கம் வரும்.

கையில் அதிகப் பணமில்லாதவரை நினைத்து எழுதப்பட்டது, கேம்பிரிட்ஜ் பேராசிரியர் எட்வர்ட் டென்ட் 1940இல் வெளியிட்ட 'ஓபரா'. யுத்த காலத்தில், ஆறு பென்னி விலைக்கு, பெலிக்கன் வரிசையில் வந்த சிறு நூல். ஓபராவை ஜனங்கள் தங்கள் சொந்த பாஷையில் கேட்க வேண்டும் என்பது டென்டின் உறுதியான கொள்கை. சொன்னதோடு நில்லாமல் மொஸார்ட்டின் ஓபராக்களை அவரே ஆங்கிலத்தில் ஆக்கித் தந்தார். தாய்மொழியில் கல்வி வேண்டும் என்று வாதாடும் நமக்கு அவர்மேல் தனி அபிமானம் உண்டாவது இயல்பே.

அமெரிக்காவில் மில்டன் கிராஸ் என்பவர் வானொலி மூலம் இந்தத் தொண்டைச் செய்தார். நியூயார்க் மெட்ரோபாலிடன் அரங்கின் ஓபராக்கள் 1931 கிறிஸ்துமஸ் தினம் தொடங்கி ஒலிபரப்பாயின. அவற்றின் கதையை நேயர்களுக்குச் சொல்லும் பணியை, 1975இல் காலமாகும் வரையில் அவர் விடவில்லை. அரங்கின் வாசலையே காணாத குடியானவரும் தம் வீட்டிலிருந்தபடி கேட்டனர். அவருடைய கதைத் தொகுதி 1947இல் புத்தகமாயிற்று. பிற்கால நூல்களில் ஃபிரெட் பிளாட்கின் எழுதிய 'ஓபரா 101' (1994) புதியவர்களைக் கைப்பிடித்து அழைத்துச் செல்வது. 'ரிகொலெட்டோ'வையே அவர் முதற் பாடமாக வைத்திருப்பது கண்டு நமக்குச் சற்று ஆறுதல் உண்டாயிற்று!

'இக்காலத்தில் புத்தகம் எதற்கு?' என்று கேட்கலாம். 1983இல் டொரன்டோ நகரில் மேடைக்கு மேலே மொழிபெயர்ப்பைக் காட்டும் வழக்கம் தொடங்கி, இன்று உலகமெங்கும் பரவிவிட்டது. பாடகர் சொல்லும் வார்த்தை அதனால் தெரிகிறது. ஆனால் அந்த வார்த்தை நெஞ்சில் ஏன் தைக்கிறது என்பதை முன்கூட்டியே கதையை மனத்தில் வாங்கியவனே அறிவான்.

மூட்டைக்குள் யார்?

'ரிகொலெட்டோ' 1851இல் வெனிஸில் அரங்கேறியது. ரிகொலெட்டோ ஒரு கூனன். மான்டுவா பிரபுவின் விதூஷகன். பிரபுவால் மகளின் மானத்தை இழந்த ஒரு தகப்பனைப் பரிகசித்து, அவனுடைய சாபத்துக்கு ஆளாகிறான். அவனுக்கும் ஒரு மகள் உண்டு. உலகம் அறியாமல் அவளை வளர்க்கிறான். பிரபு ஏழை மாணவனைப் போல் வேஷமிட்டு அவளையும் வஞ்சிக்கிறான். கூனன் ஒரு கொலைகாரனுக்குக் கூலி பேசுகிறான். நள்ளிரவில் சடலம் கட்டிய மூட்டை அவன் கைக்கு வருகிறது. பழி தீர்ந்தது என்று அதை ஆற்றில் தள்ளப் போகும் சமயம், தூரத்தில் ஒரு குரல் உல்லாசமாய்ப் பாடிக்கொண்டு போகிறது. அது பிரபுவின் குரல்! அப்படியானால் மூட்டைக்குள் இருப்பது யார்? மின்னல் வெளிச்சத்தில் பார்க்கிறான்: வஞ்சகன் என்று தெரிந்தும் பிரபுவின்மேல் வைத்த அன்பு மாறாமல், அவனுக்குப் பதிலாகத் தன்னைப் பலியிட்டுக்கொண்ட மகள்.

அத்தையின் கேள்விக்கு விடை இதுதான். அந்தப் பாட்டில் துக்கமே இல்லை. துக்கம் கதையில் இருக்கிறது. இரண்டையும் சேர்த்துக் கேட்கும்போதுதான் வெர்டியின் மேதை விளங்குகிறது.

ஆகவே நமது யோசனை சுருக்கமானது. முதலில் ஒரே ஒரு ஓபராவை எடுத்துக்கொள்ளுங்கள். கதையைப் படித்து, வீட்டாருக்குத் தமிழில் சொல்லுங்கள். பிறகு ஓர் அங்கத்தை மட்டும், பாட்டுப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு கேளுங்கள். மறுமுறை கேட்கும்போது புத்தகத்தை மூடிவிடுங்கள். வாசல் வரையில் வழிகாட்டிவிட்டு விலகிக்கொள்வதே கைவிளக்கின் வேலை.

பத்து நாள் கழித்து நாம் அப்படியே செய்தோம். பகலில் கதையைச் சொல்லிவிட்டு, இரவில் கடைசி அங்கத்தை வைத்தோம். குழந்தைகள் ஒருவரும் எழுந்திருக்கவில்லை. தூரத்திலிருந்து பிரபுவின் பாட்டு வந்ததுதான் தாமதம், அத்தை முன்னே சாய்ந்து, "ஐயோ, அவிழ்க்காதேயப்பா, அவிழ்க்காதே!" என்றார். இத்தாலிய பாஷையில் ஒரு சொல்லும் அறியாதவர் அவர். அன்று அவருக்கு எந்தச் சந்தேகமும் எழவில்லை. நம்மை ஒன்றும் கேட்கவுமில்லை.