திறக்க மறுத்த விளையாட்டு

காவலூர் என்றதும் நம் நேயர்களின் நினைவுக்கு வருவது அங்குள்ள வானாய்வு நிலையமே. ஜவ்வாது மலையில், கடல் மட்டத்துக்கு ஏறத்தாழ 725 மீட்டர் உயரத்தில், 1968ஆம் ஆண்டு 38 செ.மீ. தொலைநோக்கி ஒன்றுடன் தொடங்கிய அந்நிலையம், 1986 ஜனவரி 6 அன்று பேராசிரியர் வைணு பாப்புவின் பெயரைச் சூடிக்கொண்டது, 2.3 மீட்டர் பெரிய தொலைநோக்கிக்கும் அதே பெயர்தான். ஆனால் இம்முறை நாம் எழுதவந்தது விண்மீன்களைப் பற்றியன்று. அந்நிலையத்துக்குச் சற்றுத் தொலைவில் உள்ள ஓர் இல்லத்தில், திறக்க மறுத்த ஒரு கணிப்பொறி விளையாட்டைப் பற்றியது.

பங்கு மேய்ப்பருக்கும் கணிப்பொறி விளையாட்டுக்கும் என்ன தொடர்பு என்று நேயர்கள் வினவக்கூடும். நாமும் அன்று அப்படித்தான் நினைத்தோம். இல்லச் சந்திப்புக்குச் சென்றிருந்தோம். பத்தாம் வகுப்பில் படிக்கும் மகன் முகம் வாடி ஒரு மூலையில் அமர்ந்திருந்தான். தகப்பனார் சாமையும் புளியும் விற்ற பணத்திலிருந்து நான்காயிரம் ரூபாயை எண்ணித் தனியே வைத்திருந்தார். பெங்களூரில் வேலை பார்க்கும் மூத்த மகள் பழைய கணிப்பொறி ஒன்றை வாங்கி அனுப்பியிருக்கிறாள், அதில் தம்பி ஒரு விளையாட்டை இறக்கியிருக்கிறான், அது திறக்கவில்லை. மலைக்குக் கீழே உள்ள ஊரில் பழுது பார்க்கும் ஒருவரிடம் தொலைபேசியில் கேட்டபோது, பெட்டியைப் பாராமலே, “கிராபிக்ஸ் கார்டு போயிருக்கும், நான்காயிரம் ஆகும்” என்று சொல்லிவிட்டாராம்.

“அது திறக்காமலே கிடக்கட்டும் சாமி, எனக்கு அதுவே நிம்மதி” என்றார் தாயார். ஆயினும் நான்காயிரம் ரூபாய் என்பது அந்த வீட்டில் சிறு தொகையன்று. நோய் இன்னதென்று அறியாமல் மருந்துக்குப் பணம் கொடுப்பதா? “முதலில் பார்ப்போம்” என்றோம்.

நாம் இத்துறை வல்லுநர் அல்லேம். பங்கு அலுவலகத்தின் பழைய ஞானஸ்நானப் பதிவேடுகளைக் கணிப்பொறியில் ஏற்றிய நாள்களில் பட்ட அல்லல்கள் கற்றுக்கொடுத்த பாடம் சிறிது உண்டு, அவ்வளவே. அந்த அல்லல்களே அன்று கைகொடுக்கும் என்று நாம் எதிர்பார்க்கவில்லை.

மருத்துவர் நோயாளியிடம் முதலில் கேட்பது, “எப்போதிலிருந்து?” என்பது. நாமும் அதையே கேட்டோம். ஒருநாளும் திறந்ததில்லை என்றான் பையன். படத்தின்மேல் மவுஸால் இருமுறை தட்டினால் சிறு வட்டம் ஒன்று சுழல்கிறது, இரண்டு விநாடியில் மறைகிறது, பிறகு ஒன்றுமில்லை. பிழைச் செய்தியும் இல்லை. இது முக்கியமான குறிப்பு. நேற்றுவரை ஓடியது இன்று நின்றால், நேற்றைக்கும் இன்றைக்கும் இடையே மாறியது யாது என்று தேடவேண்டும். என்றுமே ஓடாதது என்றால், அந்தப் பெட்டிக்கும் அந்த விளையாட்டுக்கும் இடையே தொடக்கத்திலேயே ஏதோ ஒவ்வாமை உள்ளது.

வேறு விளையாட்டு ஏதேனும் ஓடுகிறதா என்று கேட்டோம். ஓடுகிறது, முப்பரிமாணக் கார்ப் பந்தயம் ஒன்றைத் திறந்தே காட்டினான். படம் தெளிவாக ஓடியது. பட அட்டை பழுதாகியிருந்தால் இது எப்படி ஓடும்? நான்காயிரம் ரூபாயைத் தகப்பனார் மறுபடியும் பெட்டிக்குள் வைத்துப் பூட்டும்படி அப்போதே சொல்லிவிட்டோம்.

அடுத்து, விளையாட்டை உருவாக்கியோர் கேட்கும் குறைந்தபட்ச வசதிகளை, நினைவகம் எவ்வளவு, வட்டில் வெற்றிடம் எவ்வளவு என்பவற்றை, ஒப்பிட்டோம். போதிய அளவு இருந்தன. கைப்பேசி வழியாக இணையம் பெறும் மலைப்பகுதி ஆதலின், இறக்கும்போது இடையில் அறுந்து கோப்பு ஏதேனும் சிதைந்திருக்கலாம் என்று ஐயுற்றோம். முறையான விற்பனைத் தளங்களில் வாங்கிய விளையாட்டுகளுக்குக் கோப்புகளைச் சரிபார்க்கும் வசதி ஒன்றுண்டு; ஒவ்வொரு கோப்பையும் மூலத்தோடு ஒப்பிட்டுக் குறைந்ததை மட்டும் மீண்டும் கொண்டுவரும். அதையும் செய்தோம். ஒரு குறையும் இல்லை. பட அட்டையை இயக்கும் மென்பொருளும் புதியதாகவே இருந்தது. சில விளையாட்டுகளுக்கு இன்றியமையாத துணைக் கோப்புகள் சில உண்டு. அவை இல்லையெனில் “இன்ன டிஎல்எல் காணப்படவில்லை” என்று வெளிப்படையாகவே அறிவிப்பு வரும். இங்கே அறிவிப்பே இல்லையே!

இடையில் பெற்றோருக்கு ஒரு சொல். திருட்டுப் பிரதியாக இறக்கிய விளையாட்டு திறக்காவிட்டால், வைரஸ் காப்பு மென்பொருளை அணைத்துவிடு என்று நண்பர்கள் பிள்ளைகளுக்கு அறிவுரை கூறுவதுண்டு. வீட்டு நாயைக் கட்டிப்போட்டுவிட்டுக் கதவைத் திறந்துவைப்பதற்கு அது ஒப்பாகும். இந்தப் பையன் தன் அக்காள் அனுப்பிய பணத்தில் முறையாகவே வாங்கியிருந்தான் என்பதைக் கண்டு உள்ளபடியே மகிழ்ந்தோம்.

கணிப்பொறியின் தேதியையும் பார்த்துக்கொண்டோம். பழைய பெட்டிகளில் தாய்ப்பலகையில் உள்ள காசு வடிவ மின்கலம் தீர்ந்துபோனால், மின்சாரம் நின்று வரும்போதெல்லாம் கடிகாரம் பல ஆண்டுகள் பின்னோக்கிப் போய்விடும். அப்போது இணையத்தின் பாதுகாப்புச் சான்றிதழ்கள் செல்லாதவையாகத் தோன்றி, தொடர்பு கிடைக்காது. சிறு தொகைக்குக் கிடைக்கும் ஒரு மின்கலத்தை மாற்றாமல், பெட்டியையே தூக்கி எறிந்தவர்களை நாம் அறிவோம். ஆனால் இங்கே தேதியும் சரியாகவே இருந்தது.

செய்வன அனைத்தும் செய்தாயிற்று. இனி என்ன? பையன், “மறுபடியும் நீக்கிவிட்டுப் போடட்டுமா ஃபாதர்?” என்றான். மூன்று முறை அப்படிச் செய்திருக்கிறானாம். நான்காம் முறை செய்தால் மட்டும் என்ன புதிதாகத் தெரியப்போகிறது?

சன்னல் வழியே பார்த்தபோது மலைமுகட்டு மரங்களுக்கு மேல் வானாய்வு நிலையத்தின் குவிமாடம் தெரிந்தது. 1977 மார்ச் 10 அன்று அங்கே நடந்தது நினைவுக்கு வந்தது, பையனுக்கும் சொன்னோம். யுரேனஸ் கோள் ஒரு விண்மீனுக்கு முன்னால் கடந்து அதை மறைக்கவிருந்த இரவு அது. 1972 முதல் காவலூரில் இயங்கிவந்த ஒரு மீட்டர் தொலைநோக்கியால் அந்த விண்மீனின் ஒளியைப் பதிவு செய்துகொண்டிருந்தார்கள். கோள் மறைக்கவேண்டிய நேரம் வருவதற்கு முன்பாகவே ஒளி சில விநாடிகள் மங்கி மீண்டது. கருவியின் கோளாறு என்றோ, மேகம் என்றோ ஒதுக்கிவிட்டுப் போயிருக்கலாம். பட்டாச்சாரியா, குப்புசாமி ஆகிய அறிவியலர் ஒதுக்கவில்லை. பதிவை ஆராய்ந்து, யுரேனஸின் புதிய துணைக்கோளாக இருக்கலாம் என்று எழுதினார்கள். அதே இரவில் இந்தியப் பெருங்கடலுக்கு மேலே விமானத் தொலைநோக்கியில் பறந்த எலியட் என்ற அமெரிக்கரின் குழுவினரோ, கோளின் இரு பக்கமும் ஒத்த அளவில் ஒளி மங்குவதைக் கண்டார்கள். துணைக்கோள் அன்று, வளையங்கள்! காவலூர்ப் பதிவும் அவ்வளையங்களுக்கே சாட்சியானது. அவர்களுடைய முதல் விளக்கம் பிழையாயிற்று, பதிவு பிழையாகவில்லை.

“அப்படியானால் இந்த விளையாட்டுக்கும் பதிவு இருக்குமா?” என்றான் பையன். நல்ல கேள்வி! பெரும்பாலான மென்பொருள்கள் தம் நடவடிக்கைகளை ஒரு குறிப்பேட்டில் எழுதி வைக்கின்றன. விளையாட்டு நிறுவப்பட்ட கோப்புறைக்குள் தேடினோம். சிறிய எழுத்துக் கோப்பு ஒன்று கிடைத்தது. அதன் கடைசி வரி, சேமிப்புக் கோப்புறையை உருவாக்க இயலவில்லை என்றது. அந்தக் கோப்புறையின் முகவரியில், பயனரின் பெயர் இருக்கவேண்டிய இடத்தில், வரிசையாக ஒன்பது கேள்விக்குறிகள்.

பையன் தன் கணிப்பொறிக்கு முதன்முதலில் சூட்டிய பயனர் பெயர் “காவலூரான்” என்பது. தமிழிலேயே தட்டெழுதியிருக்கிறான். இணையக் கணக்கு இல்லாமல் அமைத்ததால், அவனுக்குரிய கோப்புறையின் பெயரும் அப்படியே தமிழில் அமைந்துவிட்டது. காவலூரான் என்பதில் எழுத்துகள் ஐந்து. கேள்விக்குறிகள் ஏன் ஒன்பது? க, துணைக்கால், வ, ல, ஊகாரக் குறி, ர, துணைக்கால், ன, புள்ளி. எண்ணிப் பாருங்கள், ஒன்பது! கணிப்பொறி நம் உயிர்மெய்யை ஒரே எழுத்தாகக் கொள்வதில்லை. மெய்யின் வடிவத்தையும் உயிரின் குறியையும் தனித்தனியே எண்ணுகிறது. ஆக, அந்த ஒன்பது கேள்விக்குறிகளும் வேறெதுவுமல்ல, காவலூரானேதான்!

பங்குப் பதிவேட்டில் நாம் பட்ட பாடு இங்கே உதவியது. அக்காலத்தில் ஆளுக்கொரு எழுத்துரு. ஒருவர் அடித்த தமிழ் இன்னொருவர் கணிப்பொறியில் வெறும் கிறுக்கலாக விரியும். ஞானஸ்நானம் பெற்ற குழந்தையின் பெயர் ஆங்கில எழுத்தும் நிறுத்தக்குறியும் கலந்த குப்பையாகத் தோன்றும். 1999இல் சென்னையில் கூடிய தமிழிணைய மாநாடு விசைப்பலகைக்கும் எழுத்துக் குறியீட்டுக்கும் பொதுவான தரம் வகுத்தது. உலக மொழிகளுக்கெல்லாம் ஒரே பட்டியல் என்ற யூனிகோடு முறையிலோ, 1991இல் வெளிவந்த முதல் பதிப்பிலேயே தமிழுக்கு 128 இடங்கள் ஒதுக்கப்பட்டிருந்தன. விண்டோஸ் இயக்கமுறை 2000ஆம் ஆண்டுப் பதிப்பு முதல் அவ்வழியே தமிழை ஏற்றது. 2010இல் தமிழக அரசும் யூனிகோடைத் தரமாக அறிவித்தது.

அவ்வாறாயின் கோளாறு எங்கே? விண்டோஸில் கோப்பைத் திறக்க மென்பொருளுக்கு இரு வாயில்கள் உண்டு. ஒன்று யூனிகோடு வாயில். எம்மொழிப் பெயரும் அதில் நுழையும். மற்றது பழைய வாயில்; ஒரு நேரத்தில் ஒரு குறியீட்டுப் பட்டியலை மட்டுமே அறியும். மேலை ஐரோப்பிய மொழிகளுக்கு, ரஷ்ய மொழிக்கு, ஜப்பானிய மொழிக்கு என்று அத்தகைய பட்டியல்கள் உண்டு. தமிழுக்கு அங்கே பட்டியலே இல்லை. பழைய வாயிலில் நம் எழுத்து வந்து நின்றால், அதை அடையாளம் காணாமல் அதன் இடத்தில் கேள்விக்குறியை இட்டுவிடும். விண்டோஸில் கோப்புப் பெயருக்குள் கேள்விக்குறி வருவதற்கே அனுமதியில்லை. இருக்கவே முடியாத ஒரு கோப்புறையைத் தேடிப் போன விளையாட்டு, காணாமல், வாய் திறவாது தன்னை முடித்துக்கொண்டது. அதை ஆக்கியவர்கள் பழைய வாயிலையே நம்பியிருந்தார்கள். தமிழில் பெயர் வைத்துக்கொள்ளும் ஒருவன் தங்கள் விளையாட்டை வாங்குவான் என்று அவர்கள் எண்ணிப் பார்க்கவில்லை போலும்.

ஊகம் ஊகமாக நிற்கக்கூடாதல்லவா? சோதனைக்காக ஆங்கில எழுத்தில் இன்னொரு பயனர் கணக்கு உருவாக்கி, அதன் வழியே உள்ளே போய் விளையாட்டைத் தட்டினோம். வட்டம் சுழன்றது. திரை இருண்டது. பிறகு இசையோடு திறந்தது! பையன் துள்ளிக் குதித்ததில் அடுக்களையிலிருந்த தாயார் ஓடிவந்தார்.

ஆனால் சற்று நேரத்தில் அவன் முகம் மீண்டும் சுருங்கியது. “அப்போ என் பேரை நான் இங்கிலீஷ்லதான் வச்சுக்கணுமா ஃபாதர்?” என்றான். இக்கேள்வி நம்மைத் தைத்தது. விளையாட்டு திறக்கவேண்டுமெனில் தமிழ்ப்பெயரைக் கழற்றி வைத்துவிட்டு வா என்பது என்ன நியாயம்?

வழி இரண்டு உண்டு. விண்டோஸின் வட்டார அமைப்புகளில், பழைய வாயிலுக்கும் யுடிஎஃப்-8 என்ற உலகக் குறியீட்டைக் கொடுக்கும் ஒரு தெரிவு இருக்கிறது. அதைத் தேர்ந்து கணிப்பொறியை மறுபடி தொடங்கினால் இத்தகைய மென்பொருள்கள் பல தமிழ்ப் பெயரை ஏற்கும். ஆயினும் அது சோதனை நிலையிலுள்ளது என்றே குறிக்கப்பட்டிருக்கிறது. வேறு பழைய மென்பொருள்கள் அதனால் தடுமாறக்கூடும். மற்றொரு வழி எளிது. கோப்புறையின் பெயர் கணக்கு பிறக்கும்போது அமைவது. திரையில் தோன்றும் பெயரோ எப்போது வேண்டுமானாலும் மாற்றத்தக்கது. ஆகவே ஆங்கில எழுத்தில் கணக்கைத் தொடங்கி, பின்னர்த் திரைப்பெயரை மட்டும் தமிழாக்கிவிட்டோம். பழைய கணக்கிலிருந்த பாடக் குறிப்புகளையும் படங்களையும் புதியதற்கு மாற்றிக் கொடுத்தோம். ஒன்று எச்சரிக்கை: ஏற்கெனவே உள்ள பயனர் கோப்புறையின் பெயரைக் கையால் திருத்த முயலவேண்டாம், கணிப்பொறி தன் வீட்டு முகவரியையே இழந்து தவிக்கும்.

இதை எழுதும்போது இன்னொன்று நினைவுக்கு வருகிறது. கனடாவின் டொராண்டோ நகரில் விசை கேம்ஸ் என்ற சிறு நிறுவனம் 2023 ஜூலை 31 அன்று “வெண்பா” என்னும் விளையாட்டை வெளியிட்டது. 1980களில் கனடாவுக்குக் குடியேறிய தமிழ்த் தாய் ஒருத்தி. அவளிடம் கிழிந்து அழிந்துபோன சமையல் குறிப்பேடு. இட்டிலித் தட்டுகளை அடுக்குவது முதலாக, அழிந்த வரிகளை ஊகித்துச் சமைப்பதே விளையாட்டு. தாய்மொழியை விட்டு விலகிப்போகும் மகனின் கதையும் அதனுள் ஓடுகிறது. 2024இல் அதற்குப் பிரிட்டனின் பாஃப்டா அமைப்பு முதல் படைப்புக்கான விருதளித்தது. தமிழ்ப் பெயரைக் கேள்விக்குறியாக்கும் விளையாட்டுகளுக்கு நடுவே தமிழ்ப் பெயரையே சூடிக்கொண்ட விளையாட்டு! பையனிடம் சொன்னோம், குறித்துக்கொண்டான். தாயாரும் காதில் வாங்கிக்கொண்டார், சமையல் என்றதால்.

புறப்படும் நேரம் கணிப்பொறியை ஒருமுறை அணைத்து மறுபடி திறந்து காட்டினான். திரை நடுவே “காவலூரான்” என்ற பெயர் ஐந்து எழுத்துகளாகத் துலங்கியது. தகப்பனார் சிரித்தார். தாயார் மட்டும் காப்பித் தம்ளரை நம்மிடம் நீட்டிக்கொண்டே, “திறந்து குடுத்துட்டீங்க சாமி. அடுத்த மாசம் பரீட்சை. இதை மூடுறது யாரு?” என்றார்.

அதற்குரிய குறிப்பேடு எந்தக் கோப்புறையில் இருக்கிறதென்று நமக்குத் தெரியவில்லை. காப்பியைக் குடித்துவிட்டு எழுந்தோம்.