புனலின் அடியில் நெளிபவை

பேராதனைப் பூங்கா மண்ணோ, ஹேவாஹெட்டப் பக்கத்துத் தேயிலை மலை மண்ணோ, ஒரு பிடி போதும். மெல்லிய துணியில் பொட்டலமாகக் கட்டி, இளஞ்சூட்டு நீர் நிரப்பிய புனலில் அமிழ்த்தி வையுங்கள். புனலின் காம்பில் ஒரு ரப்பர் குழாய், அதற்கு ஒரு கவ்வி. மண்ணில் வாழும் உருளைப்புழுவுக்கு நெளியத் தெரியும். நீந்தி மேலேறத் தெரியாது. துணியை விட்டு வெளியே வந்தவை இரவெல்லாம் கீழிறங்கிக் காம்பில் சேரும். காலையில் கவ்வியைத் திறந்து சில துளிகளை நுணுக்குக்காட்டியில் வைத்தால், கண்ணாடி நூல் துண்டுகளைப் போல நெளிந்துகொண்டிருக்கும்.

உலகத்து மேல்மண்ணில் இவை எத்தனை என்று 2019இல் ஒரு விஞ்ஞானிகள் குழு கணக்குப் போட்டது. தலைக்கு ஏறக்குறைய 5,700 கோடி! சில தேயிலை வேரைக் குடையும். அவற்றுள் ஒன்றுக்கு, இலங்கைத் தேயிலையில் புழுக்களை ஆராய்ந்த லூஸ் என்பவரின் பெயரையே 1960இல் சூட்டிவிட்டார்கள். மற்றவற்றில் ஏராளமானவை பக்டீரியாவைத் தின்று மண்ணிலேயே பிறந்து மண்ணிலேயே மடியும். மனித உடம்பு அவற்றுக்கு வேண்டியதேயில்லை.

ஆனாலும் சில வேளை உள்ளே வந்துவிடுகின்றன.

1975இல் கனடாவிலிருந்து ஒரு மருத்துவக் குறிப்பு வெளியானது. மானிடோபா மாகாணத்தில் ஐந்து வயதுச் சிறுவன் ஒருவன் வயலுக்கு எரு தூவும் இயந்திரத்தில் அடிபட்டான். காயங்களில் எரு அப்பியிருந்தது. சில வாரங்களில் மூளை வீங்கி இறந்தான். பிரேத பரிசோதனையில் மூளைக்குள்ளும் முண்ணாணுக்குள்ளும் புழுக்கள். ஹாலிசெபலோபஸ் ஜிஞ்சிவாலிஸ் என்று இன்று அழைக்கப்படும் இந்தப் புழு, நீளத்தில் அரை மில்லிமீற்றருக்கும் குறைவு. 1954இல் ஒரு குதிரையின் முரசில் இருந்த கட்டியில்தான் முதலில் கண்டார்கள். எருவிலும் மக்கிய இலையிலும் சாதுவாகத் திரிவது, புண் வழியே உடம்புக்குள் போனால் வேறு ஆளாகிவிடுகிறது. உடம்புக்குள் கிடைப்பவை எல்லாமே பெண் புழுக்கள். ஆண் துணையின்றியே முட்டையிட்டுப் பெருகுகின்றன. ஒன்று நுழைந்தாலே போதும் என்பதுதான் இதில் பயங்கரம்.

2013இன் இறுதியில் வேல்ஸ் நாட்டின் கார்டிஃப் நகரில், இறந்த ஒருவரின் இரு சிறுநீரகங்களைப் பெற்ற இரண்டு பேரும் அடுத்தடுத்து இறந்தார்கள். கொடையாளியின் மூளையைத் தாக்கியிருந்தது இதே புழு என்பது பிறகுதான் தெரிந்தது. இதன் உறவுப் புழு ஒன்றைத் தென்னாபிரிக்கத் தங்கச் சுரங்கத்தில், ஒரு கிலோமீற்றருக்கும் கூடிய ஆழத்தில் கண்டுபிடித்து, 2011இல் ஒரு சாத்தானின் பெயரை வைத்தார்கள். பொருத்தம் என்னவோ மேலே இருப்பதற்குத்தான்.

இதைப் படித்துவிட்டு மரக்கறித் தோட்டத்துக்கு மாட்டெரு போடப் பயப்பட வேண்டியதில்லை. உலகம் முழுக்க இத்தனை வருடத்தில் பதிவான நோயாளிகள் மிகச் சிலரே. எருவில் கை வைத்தால் வெட்டுக்காயத்தை மூடிக்கொள்வதும், பிறகு சோப்பு போட்டுக் கழுவுவதும் போதும்.

என் கவலை வேறு. மண்ணில் சுதந்திரமாக வாழும் புழுவுக்கும் ஒட்டுண்ணிக்கும் நடுவில் நாம் நினைப்பது போல மதில் ஒன்றும் இல்லை. கொழுக்கிப்புழுவையே பாருங்கள். அதன் இளங்குடம்பி ஈரமண்ணில் சில நாள் பக்டீரியாவைத் தின்றுதான் வளர்கிறது, மேலே சொன்ன சாதுக்களைப் போலவே. பிறகு தீனியை நிறுத்திவிட்டு, ஒரு வெறுங்காலுக்காகக் காத்திருக்கிறது.

மலையகத்தில் வெறுங்காலுக்குப் பஞ்சமா? கண்டிக்கு வடக்கே மாத்தளைத் தோட்டங்களில் 1916இல் ராக்ஃபெல்லர் மன்றம் கொழுக்கிப்புழு ஒழிப்பைத் தொடங்கியது. லயம் லயமாகப் போய் மருந்து கொடுத்தார்கள். மருந்தை விழுங்க வைப்பது முடிகிற காரியம். மலசலகூடம் கட்டுங்கள் என்றபோதுதான் துரைமார் செலவுக் கணக்குப் பார்த்தார்கள். மலசலகூடம் இல்லாத மலையில், மருந்து குடித்தவரின் காலையே அதே மண் மறுபடி பிடித்தது.

கொழுக்கிப்புழுவை விடக் கள்ளத்தனமானது ஸ்ட்ரோங்கிலோயிட்ஸ் என்ற புழு. உலகில் சுமார் 60 கோடிப் பேரிடம் இருப்பதாக மதிப்பிடுகிறார்கள். இது இரண்டு வீடு வைத்திருக்கிறது. மண்ணில் ஆணும் பெண்ணுமாக ஒரு தலைமுறை வாழ்ந்துவிட்டுப் போகும். மனிதக் குடலிலோ பெண் மட்டும். குடலில் பிறக்கும் குடம்பிகள் சில வெளியேறாமல் அதே ஆளைத் திரும்பத் தொற்றும். அதனால் மருந்து எடுக்காவிட்டால் ஆயுள் முழுக்கக் கூடவே இருக்கலாம். இரண்டாம் உலகப்போரில் சியாம் மரண ரயில்பாதை போட்ட கைதிகளிடம் நாற்பது வருடங்களுக்குப் பிறகும் இதைக் கண்டிருக்கிறார்கள். அந்தப் பாதையில் மலாயாத் தோட்டத் தமிழரும் ஆயிரக்கணக்கில் மாண்டார்கள்.

இத்தனை காலம் வயிற்றெரிவு, தோல் அரிப்பு என்று அடங்கிக் கிடப்பது, ஆஸ்துமாவுக்கோ மூட்டுவாதத்துக்கோ ஸ்டீரொய்ட் மருந்து தொடங்கியதும் கட்டவிழ்ந்து, நுரையீரல், மூளை என்று பரவலாம். உரிய நேரத்தில் கண்டால் ஐவர்மெக்டின் மாத்திரையிலேயே தீரும் நோய் அது. ஆகவே, தோட்டத்தை விட்டு இறங்கிக் கண்டி நகரில் முப்பது வருடமாகக் கடை வைத்திருக்கும் ஒருவர், சப்பாத்தும் காலுறையுமாக வைத்தியரிடம் வந்தாலும், சின்ன வயதில் வெறுங்காலோடு மலையில் நடந்தீர்களா என்று கேட்டுவிட்டுத்தான் ஸ்டீரொய்ட் மருந்தை எழுத வேண்டும்.

நடந்தேன் என்றால் மலப் பரிசோதனை. சாதாரணப் பரிசோதனையில் இந்தக் குடம்பி அடிக்கடி தப்பிவிடும். அதனால் மலத்தைத் துணியில் வைத்து, இளஞ்சூட்டு நீர் நிரப்பிய புனலில் அமிழ்த்திக் காத்திருப்பார்கள். முதலில் சொன்ன அதே புனல்தான். 1917இல் டச்சு கிழக்கிந்தியத் தீவுகளில் பணியாற்றிய பேர்மன் என்ற வைத்தியர், மண்ணிலிருந்து கொழுக்கிப்புழுக் குடம்பிகளைப் பிடிப்பதற்காகச் செய்தது.