‘பையன்தான் போட்டான்’

சின்ன கட்டட வரைபட அலுவலகத்தில் வேலைக்குச் சேரும் பையனுக்கு முதல் வாரமே வந்து சேரும் வேலைகளில் ஒன்று, புது கம்ப்யூட்டரில் ஆட்டோகேட் போடுவது. லைசென்ஸ் வராது, பென் டிரைவில் கிராக்தான் வரும். டிடிபி சென்டரில் போட்டோஷாப், விளம்பர அலுவலகத்தில் கூகுளில் எடுத்த படம் என்று இடத்துக்கு இடம் சரக்கு மாறும். ஏதாவது வந்தால் ஓனர் பார்த்துக்கொள்வார் என்ற நம்பிக்கை மட்டும் மாறாது.

சட்டம் அப்படிச் சொல்லவில்லை. 1957ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 63ஆம் பிரிவு, தெரிந்தே மீறுபவரையும் அதற்கு உடந்தையாக இருப்பவரையும் ஒன்றாகவே பார்க்கிறது. தண்டனை 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதம். சம்பளத்துக்கு வேலை பார்ப்பவருக்கு விலக்கு எதுவும் அதில் இல்லை. 63ஆம் பிரிவுக் குற்றம் பிடியாணை இல்லாமல் கைது செய்யக்கூடியது, ஜாமீன் உரிமையாகக் கிடைக்காதது என்று 2022 மே மாதம் நிட் புரோ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மென்பொருளுக்குத் தனியாக 63பி பிரிவு உண்டு. திருட்டு நகல் என்று தெரிந்தே பயன்படுத்தினால் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை. வியாபார நோக்கமில்லாத பயன்பாட்டுக்குச் சிறையில்லாமல் அபராதத்தோடு நீதிமன்றம் விடலாம். கஸ்டமர் வேலை ஓடும் அலுவலகத்தில் அந்தச் சலுகையைக் கேட்பது கஷ்டம்.

நடைமுறையில் மென்பொருள் கம்பெனிகள் ஆபரேட்டரைத் தேடி வருவதில்லை. பணம் இருக்கும் இடத்துக்குத்தான் நோட்டீஸ் போகும். அடுத்த கட்டமாக, நீதிமன்றம் அனுப்பிய வழக்கறிஞர் ஆணையர் வந்து ஒவ்வொரு கம்ப்யூட்டராகப் பார்ப்பார். சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது. நிறுவனம் குற்றம் செய்தால் அதை நடத்தும் பொறுப்பில் இருப்பவரும் குற்றவாளி என்கிறது 69ஆம் பிரிவு. தனக்குத் தெரியாமல் நடந்தது என்றோ, தடுக்க முழுக் கவனமும் எடுத்தேன் என்றோ அவர் நிரூபித்தால் தப்பலாம். அதற்கு அவர் வாயில் முதலில் வரும் வாக்கியம், ‘பையன்தான் போட்டான்’. ஆணையர் பார்க்கும் கம்ப்யூட்டரில் இருப்பதோ பையனின் லாகின்.

எனவே எழுத்தில் கேளுங்கள். ‘சார், இந்த சிஸ்டத்தில் ஆட்டோகேட்டுக்கு லைசென்ஸ் இல்லை, வாங்கித் தர முடியுமா?’ என்ற ஒரு வாட்ஸ்அப் செய்தி போதும். அது இரண்டு பக்கமும் வெட்டும்: ஓனருக்குத் தெரியும் என்பதற்கு அதுவே சாட்சி, உங்களுக்குத் தெரியும் என்பதற்கும் அதுவே சாட்சி. செய்தியை அனுப்பிவிட்டுக் கிராக்கையும் போட்டால் நிலைமை மோசமாகும். கேட்ட பிறகு உங்கள் கையால் போடாதீர்கள். வேலை போய்விடும் என்ற பயம் நியாயமானதுதான். மறுத்து முகத்தை முறித்துக்கொள்வதைவிட லிப்ரேகேட், கிம்ப், இங்க்ஸ்கேப் போன்ற இலவச மென்பொருளில் எவ்வளவு வேலை முடியும் என்று காட்டுவது எளிது. எல்லா வேலையும் முடியாது.

நோட்டீஸ் வந்த அன்றிரவே எல்லாவற்றையும் அழிக்கச் சொல்வார்கள். செய்யாதீர்கள், தடயத்தை அழித்தது தனிக் குற்றமாகிவிடும். நானாகத்தான் போட்டேன் என்று அலுவலகம் தட்டச்சு செய்து நீட்டும் தாளில் கையெழுத்தும் வேண்டாம். அது கிராக் என்று நிஜமாகவே தெரியாதிருந்தால் அதை முதல் நாளே வக்கீலிடம் சொல்லுங்கள். கிரிமினல் வழக்கு நிற்பதே ‘தெரிந்தே’ என்பதன் மேல்தான்.

ஏழு ஆண்டுக்குட்பட்ட தண்டனை என்பதால், குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 35ஆம் பிரிவுப்படி கைது செய்வதற்கான காரணத்தைப் போலீஸ் எழுதிவைக்க வேண்டும். கைது தேவையில்லை என்றால் நோட்டீஸ் கொடுத்துத்தான் கூப்பிட வேண்டும். முன்ஜாமீன் கேட்க அதே சட்டத்தில் 482ஆம் பிரிவு இருக்கிறது. ஆதாரமே இல்லாமல் மிரட்டல் கடிதம் அனுப்பிக் காசு பறிக்கப் பார்ப்பவர்மேல், பதிப்புரிமைச் சட்டத்தின் 60ஆம் பிரிவின்கீழ் நீங்களே வழக்குப் போடலாம். வக்கீலுக்கு வசதியில்லாதவர்கள் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், காவலில் இருப்பவர்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு கிடையாது. உதவி எண் 15100.