குட்டி போட்ட பூனை ஏன் அலைகிறது?

ஓரிடத்தில் உட்காராமல் குறுக்கும் நெடுக்கும் நடப்பவரை 'குட்டி போட்ட பூனை மாதிரி' என்பது நம் வழக்கம். அந்த வழக்கே சில வேளை பூனைக்கு எமனாகிறது. குட்டி போட்டது அப்படித்தான் அலையும் என்று வீட்டார் விட்டுவிடுகிறார்கள். அலைச்சலோடு மூச்சிரைத்தால், குட்டிகளை அண்டவிடாமல் விலகினால், கால்களை விறைப்பாக ஊன்றி நடந்தால், ரத்தத்தில் கால்சியம் சரிகிறது என்று சந்தேகப்பட வேண்டும்.

இதற்கு எக்லாம்ப்சியா என்று பெயர். கர்ப்பிணிப் பெண்களுக்கு ரத்த அழுத்தம் ஏறி வரும் ஜன்னிக்கும் இதே பெயர்தான், நோய் வேறு. பூனைக்கு வருவது பாலால் வரும் வினை. குட்டிகள் நாலைந்து இருந்து, பால் பெருகும் முதல் நான்கு வாரங்களில்தான் பெரும்பாலும் தாக்கும். எலும்பில் கால்சியம் ஏராளம். ஆனால் பால் இழுக்கும் வேகத்துக்கு அது கரைந்து ரத்தத்துக்கு வருவதில்லை. பத்தாயம் நிறைய நெல் இருந்தும் உலையில் போட அரிசி இல்லாத கதை.

கால்சியம் குறைந்தால் நரம்புகள் கட்டுமீறித் துடிக்கும். முகத்திலும் காலிலும் தசை வெட்டும், எச்சில் வழியும், உடல் சுடும், கடைசியில் வலிப்பு. முதல் அறிகுறியிலிருந்து வலிப்புவரை சில மணி நேரமே ஆகலாம். சில பூனைகளுக்குக் குட்டி போடும் முன்பே வருவதுண்டு; அப்போது துடிப்புக்குப் பதில் உடல் குளிர்ந்து துவண்டு கிடக்கலாம்.

சினையாக இருக்கும்போதே கால்சியம் மாத்திரை கொடுத்தால் தீர்ந்தது என்று தோன்றும். அதுதான் வம்பு. வெளியிலிருந்து தாராளமாக வந்தால், எலும்பிலிருந்து கால்சியத்தை எடுத்துத் தரும் பாராதைராய்டு சுரப்பி சோம்பிவிடும். பால் இழுக்கும் நேரத்தில் அது விழித்துக்கொள்வதற்குள் காரியம் மிஞ்சிவிடும். சினைக்காலத்தின் பிற்பகுதியிலும் பாலூட்டும்போதும் தாய்க்குக் குட்டிப்பூனைகளுக்கான தீனியைக் கொடுப்பதே நல்லது.

மாடு வளர்ப்பவர்களுக்கு இந்தக் கணக்கு புதிதல்ல. கன்று ஈன்ற கறவைமாடு எழ முடியாமல் படுத்துவிடும் 'பால் காய்ச்சல்' இதன் உறவுக்காரன்தான். 1897-இல் டென்மார்க்கின் கோல்டிங் நகரக் கால்நடை மருத்துவர் ஷ்மிட், மடிக்குள் மருந்துக் கரைசலை ஏற்றி அந்த மாடுகளைப் பிழைக்கவைத்தார். பிறகு வெறும் காற்றை ஏற்றினாலும் போதும் என்று தெரிந்தது! மடி இறுகினால் பால் சுரப்பது நிற்கும். ரத்தத்தின் கால்சியம் ரத்தத்திலேயே தங்கும்.

பூனைக்கு அந்த வேலையைக் குட்டிகளைப் பிரிப்பதே செய்துவிடும். உடனே பிரித்துவிட்டு, நேரம் பாராமல் கால்நடை மருத்துவரிடம் ஓட வேண்டும். வலிப்பில் இருக்கும் பூனையின் வாயில் எதையும் ஊற்றக் கூடாது, புரையேறும். மருத்துவர் கால்சியம் குளுக்கோனேட்டை ரத்தக்குழாயில் மெல்ல மெல்ல ஏற்றுவார். அவசரப்பட்டு ஏற்றினால் இதயம் நின்றுபோகலாம் என்பதால் துடிப்பைக் கவனித்துக்கொண்டேதான் ஊசி நகரும். பல பூனைகள் மருந்து ஏறும்போதே தெளிந்துவிடும். அதன்பின் வாய்வழி மருந்து. குட்டிகளுக்கு மாட்டுப்பால் வயிற்றைக் கெடுக்கும். கடையில் கிடைக்கும் பூனைக்குட்டிப் பால்மாவே சரி. நான்கு வாரம் தாண்டிய குட்டிகளை அதோடு பால்குடி மறக்கவைத்துவிடலாம்.

தெளிந்த பூனை வீட்டுக்கு வந்ததும் குட்டிக்கூடையைத்தான் தேடும். குறைந்தது ஒரு நாளாவது அந்த அறைக் கதவைச் சாத்தி வைக்க வேண்டியிருக்கும், அது வெளியே நின்று எவ்வளவு கத்தினாலும்.