துப்பாக்கிக்குப் பதில் காமிரா!

வாஷிங்டன் நகரில் 1942ம் ஆண்டு ஒரு நாள். பெரிய துணிக்கடை ஒன்றுக்குள் 29 வயது வாலிபர் ஒருவர் நுழைந்தார். நல்ல உடை உடுத்தியிருந்தார். பையில் பணமும் இருந்தது. குளிருக்கு ஒரு மேல்கோட்டு வேண்டும் என்று கேட்டார்.

ஒருவரும் அவருக்குக் கோட்டு எடுத்துக் காட்டவில்லை.

ஓட்டலுக்குப் போனார். சாப்பாடு வேண்டுமானால் பின்பக்க வாசலுக்குப் போகும்படி சொன்னார்கள். சினிமாவுக்குப் போனார். கொட்டகைக்குள்ளேயே விடவில்லை.

காரணம், அவர் கறுப்பர். வாஷிங்டன் அமெரிக்காவின் தலைநகரம். ஆனாலும் அந்த நாளில் அங்கே அப்படித்தான் இருந்தது.

அந்த வாலிபரின் பெயர் கார்டன் பார்க்ஸ். பிற்காலத்தில் நாவலாசிரியராகவும், போட்டோ கலைஞராகவும், சினிமா டைரக்டராகவும் புகழ் பெற்றவர். நொடித்துப்போன விவசாயிகளுக்கு உதவி செய்வதற்காக அமெரிக்க சர்க்கார் ஓர் இலாகா வைத்திருந்தது. மக்கள் படும் பாட்டைப் படம் பிடிக்க அந்த இலாகாவில் ஒரு போட்டோ பிரிவு இருந்தது. அதில்தான் பார்க்ஸ் வேலைக்கு வந்திருந்தார்.

அவரைக் கடைக்கும் ஓட்டலுக்கும் அனுப்பியவர், அந்தப் பிரிவின் தலைவர் ராய் ஸ்டிரைக்கர். "காமிராவை இங்கே வைத்துவிட்டு, முதலில் ஊரைப் பார்த்து வா" என்ற பாவனையில் அனுப்பினார். என்ன நடக்கும் என்று அவருக்குத் தெரியும்.

கொடியும் துடைப்பமும்

பார்க்ஸ் கொதித்துப்போய்த் திரும்பினார். தன்னை அவமதித்தவர்களைக் காமிராவால் தோலுரிக்க நினைத்தார்.

ஸ்டிரைக்கர் நிதானமாக ஒரு விஷயத்தை எடுத்துச் சொன்னார். அவமதித்த கடைக்காரனைப் படம் எடுத்தால், படத்தில் ஒரு கடைக்காரன்தான் தெரிவான். அவன் மனசில் உள்ளது தெரியாது. அதைவிட, இந்தக் கட்டிடத்தைக் கூட்டிப் பெருக்கும் அம்மாளிடம் போய்ப் பேசிப் பார்க்கலாமே என்றார்.

அந்த அம்மாளின் பெயர் எல்லா வாட்சன். பார்க்ஸ் அருகே உட்கார்ந்து விசாரித்தார். அவருடைய தகப்பனாரை வெறி பிடித்த கும்பல் கொன்றுவிட்டது. புருஷன் துப்பாக்கிக் குண்டு பட்டு இறந்தார். மகளும் போய்விட்டாள். தாயில்லாத பேரக் குழந்தைகளை இந்த அம்மாள்தான் வளர்த்து வந்தார். சம்பளம் வருஷத்துக்கு 1,080 டாலர். அதாவது மாதம் 90 டாலர்.

சுவரில் அமெரிக்கக் கொடி தொங்கியது. அதன் முன்னே பார்க்ஸ் அவரை நிறுத்தினார். ஒரு பக்கம் துடைப்பம். மறு பக்கம் தரை துடைக்கும் கழி. எல்லா வாட்சன் சிரிக்கவும் இல்லை, அழவும் இல்லை. நேராகப் பார்த்தார்.

கவைக்கோலுடன் நிற்கும் விவசாயியையும், பக்கத்தில் ஒரு பெண்ணையும் கிராண்ட் உட் என்ற ஓவியர் 1930ல் வரைந்தார். அது அமெரிக்காவில் வீட்டுக்கு வீடு தெரிந்த சித்திரம். அதன் பெயர் "அமெரிக்கன் காதிக்". பார்க்சின் போட்டோவுக்கும் அந்தப் பெயரே நிலைத்துவிட்டது.

படத்தைப் பார்த்ததும் ஸ்டிரைக்கருக்கே பயம் வந்துவிட்டது. இது வெளியே வந்தால் நம் எல்லோருக்கும் வேலை போய்விடும் என்றாராம்!

பார்க்ஸ் அந்த ஒரு படத்தோடு நிற்கவில்லை. எல்லா வாட்சனின் வீட்டுக்கும், அவர் தொழும் மாதா கோயிலுக்கும் போய்ப் பல படங்கள் எடுத்தார். குழந்தைகளுக்குச் சாப்பாடு போடுவது, ஜன்னல் ஓரத்தில் உட்கார்ந்திருப்பது எல்லாம் அவற்றில் உண்டு. கொடிப் படத்தைவிட அந்தப் படங்களில்தான் அந்த அம்மாளை நன்றாக அறியலாம்.

பதினைந்தாவது பிள்ளை

கார்டன் பார்க்ஸ் 1912ம் ஆண்டு நவம்பர் 30ந் தேதி கான்சாஸ் மாநிலத்தில் போர்ட் ஸ்காட் என்ற சிற்றூரில் பிறந்தார். தகப்பனார் ஜாக்சன் பார்க்ஸ் சிறு விவசாயி. தாயார் சாரா. இவர் 15வது பிள்ளை, கடைக்குட்டி!

பிறந்தபோது குழந்தைக்கு மூச்சே இல்லையாம். ஒரு டாக்டர் ஐஸ் தண்ணீரில் முக்கி எடுத்தாராம். குழந்தை வீரிட்டு அழுததாம். அந்த டாக்டரின் பெயரையே பிள்ளைக்கு வைத்தார்கள்.

ஊரில் கறுப்புக் குழந்தைகளுக்குத் தனி ஆரம்பப் பள்ளி. உயர்நிலைப் பள்ளியில் எல்லோரும் சேர்ந்து படிக்கலாம். ஆனால் விளையாட்டில் கறுப்புப் பிள்ளைகளைச் சேர்க்க மாட்டார்கள். கல்லூரிக்குப் போய்க் காசைப் பாழாக்காதீர்கள், நீங்கள் கூலிகளாகவும் வேலைக்காரிகளாகவும்தான் ஆகப் போகிறீர்கள் என்று ஓர் ஆசிரியையே சொன்னார்.

பதினோரு வயதில் மூன்று வெள்ளைக்காரப் பையன்கள் கார்டனை மார்மட்டன் ஆற்றில் தள்ளிவிட்டார்கள். அவனுக்கு நீச்சல் தெரியாது என்று நினைத்தார்கள். சிறுவன் தலையை வெளியே காட்டாமல் தண்ணீருக்குள்ளேயே போய்க் கரையேறித் தப்பினான்.

தாயார் சாரா மட்டும் ஒரே பேச்சுத்தான் பேசுவார். வெள்ளைக்காரப் பையன் ஒரு காரியத்தைச் செய்ய முடியுமானால் உன்னாலும் முடியும். கறுப்பாகப் பிறந்தேன் என்று சாக்குச் சொல்லிக்கொண்டு வீட்டுக்கு வராதே என்பார்.

கார்டனுக்கு வயது பதினைந்தாகும் சமயம், தாயார் இறந்தார். அன்றிரவு அந்தப் பையன் சவப்பெட்டியின் அருகிலேயே படுத்துத் தூங்கினான்.

டிராம் வண்டியில் தூக்கம்

தாய் போனதும் பையனை மினசோட்டா மாநிலத்தில் இருந்த அக்காள் வீட்டுக்கு அனுப்பினார்கள். அக்காள் புருஷன் கொஞ்ச நாளில் வெளியே தள்ளிக் கதவைச் சாத்திவிட்டார். வெளியே உறைபனி. ராத்திரி முழுதும் ஓடும் டிராம் வண்டியில் ஏறி உட்கார்ந்து, இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்குமாகப் போய் வந்தபடியே தூங்கினான். பசி தாங்காமல் கத்தியைக் கையில் எடுத்த சமயமும் உண்டு. அதைப் பிற்காலத்தில் அவரே ஒளிக்காமல் எழுதினார்.

எச்சில் தட்டு எடுத்தார். விடுதிகளில் பியானோ வாசித்தார். கடைசியில் ரயில் வண்டியில் சாப்பாடு பரிமாறும் வேலை கிடைத்தது.

ரயிலில் ஒரு நாள், யாரோ விட்டுப்போன பத்திரிகையைப் புரட்டினார். பஞ்சத்தில் நிலத்தை விட்டு ஊர் ஊராக அலையும் விவசாயிகளின் படங்கள் இருந்தன. அவர் மனசு அதிலேயே நின்றுவிட்டது. வண்டி சியாட்டில் நகரத்துக்குப் போனபோது, அடகுக் கடைக்குப் போய்ச் சில டாலருக்கு ஒரு பழைய காமிரா வாங்கினார். அப்போது வயது 25. சொல்லிக்கொடுக்க ஆள் கிடையாது. தானே பழகினார்.

முதல் பெரிய வாய்ப்பு என்ன ஆயிற்று தெரியுமா? செயின்ட் பால் நகரத்தில் ஒரு பெண்கள் உடைக் கடைக்குப் படம் எடுத்தார். படத்தின் மேலேயே மறு படம் விழுந்து, ஒன்றைத் தவிர அத்தனையும் பாழ்! அவர் அந்த ஒன்றைப் பெரிதாக்கிக் கடையில் கொண்டுபோய் வைத்தார். கடைக்காரருக்குப் பிடித்துப் போயிற்று. குத்துச்சண்டை வீரர் ஜோ லூயியின் மனைவி மார்வா அந்தக் கடையில் இவருடைய படங்களைப் பார்த்து, சிகாகோவுக்கு வந்து தொழில் நடத்தும்படி சொன்னார். சிகாகோவில் எடுத்த படங்களுக்குக் கிடைத்த உபகாரச் சம்பளம்தான் அவரை வாஷிங்டனுக்குக் கொண்டு சேர்த்தது.

அச்சேறாத படங்கள்

1948ல் "லைப்" பத்திரிகை அவரைச் சேர்த்துக்கொண்டது. அந்தப் பத்திரிகையின் முதல் கறுப்பின போட்டோகிராபர் அவர்தான். இருபது வருஷத்துக்கு மேல் அங்கே வேலை செய்தார்.

1950ல் பார்க்ஸ் போர்ட் ஸ்காட்டுக்குத் திரும்பிப் போனார். தன்னோடு ஆரம்பப் பள்ளியில் படித்த 11 பேரையும் தேடுவது அவர் எண்ணம். பெரும்பாலோர் பிழைப்புத் தேடி ஊரை விட்டுப் போயிருந்தார்கள். செயின்ட் லூயி, டெட்ராய்ட், சிகாகோ என்று ஒவ்வோர் ஊராகப் போனார். அவர்களை வீட்டு வாசலில் குடும்பத்தோடு நிறுத்திப் படம் எடுத்தார். என்ன வேலை, என்ன சம்பளம் என்று கேட்டு எழுதிக்கொண்டார்.

"லைப்" அதை வெளியிடவே இல்லை.

ஆனால் போர்ட் ஸ்காட் அவர் மனசை விட்டுப் போகவில்லை. போட்டோவில் வராத கதையைப் பேனாவால் எழுதினார். 1963ல் வெளிவந்தது "தி லேர்னிங் டிரீ" நாவல். நியூட் என்ற கறுப்புச் சிறுவனின் கதை. ஊருக்கு வேறு பெயர். ஆனால் தாயின் பெயர் சாராதான்!

நியூட் ஒரு கொலையைப் பார்த்துவிடுகிறான். பழி ஒரு வெள்ளைக்காரன் மேல் விழுகிறது. கொன்றதோ ஒரு கறுப்பன். அவனுடைய மகன் நியூட்டுக்குத் தெரிந்த பையன். உண்மையைச் சொன்னால் ஊரே தன் இனத்தார் மேல் பாயுமோ என்று பயம். சொல்லாவிட்டால் நிரபராதி சாவான். நியூட் கோர்ட்டில் ஏறி உண்மையைச் சொல்கிறான். அதற்கு அவன் கொடுக்கும் விலை கொஞ்சமல்ல.

நாவலின் நடையில் அலங்காரம் இல்லை. அதன் பலமெல்லாம் அந்தத் தாய்தான். 1966ல் வந்த சுயசரிதைக்கு "ஆயுதத் தேர்வு" என்ற பொருள்படும் பெயர் வைத்தார். கத்தியும் துப்பாக்கியும் எடுக்கக் காரணம் இருந்தும், காமிராவை எடுத்ததைச் சொல்லும் பெயர் அது.

பிளேவியோ

காமிரா எல்லாத் துயரையும் தீர்த்துவிட்டதா? இல்லை.

1961ல் பிரேசில் நாட்டு ரியோ நகரத்துக்குப் பார்க்ஸ் போனார். மலைச் சரிவுக் குடிசையில் பிளேவியோ என்ற 12 வயதுச் சிறுவனைக் கண்டார். மூச்சிறைப்பு நோய். அந்த நோயோடு தம்பி தங்கைகளுக்குச் சமைத்துப் போட்டுக்கொண்டிருந்தான். படங்கள் "லைப்" பத்திரிகையில் வந்ததும், வாசகர்கள் சுமார் 30 ஆயிரம் டாலர் அனுப்பினார்கள். குடும்பத்துக்கு வீடு வாங்கினார்கள். பிளேவியோவை அமெரிக்காவில் டென்வர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்தார்கள். இரண்டு வருஷத்தில் குணமானான்.

பிறகு அவனை ஊருக்குத் திருப்பி அனுப்பினார்கள். பையன் போக விரும்பவில்லை. வளர்ந்து, கல்யாணமாகிப் பிள்ளைகள் பெற்ற பிறகும் அமெரிக்காவுக்குத் திரும்பும் ஏக்கம் அவனை விடவில்லை. ஒருவன் வாழ்க்கையில் புகுந்து அதைத் திருப்பிவிட்டது சரியா என்று பார்க்ஸ் தன்னையே கேட்டுக்கொண்டார். 1978ல் அதைப் பற்றித் தனிப் புத்தகமே எழுதினார்.

மீண்டும் போர்ட் ஸ்காட்

1969ல் தன் நாவலைப் படமாக்க ஹாலிவுட் கம்பெனி அவரையே டைரக்டராக அமர்த்தியது. பெரிய ஹாலிவுட் கம்பெனிக்குப் படம் டைரக்டு செய்த முதல் கறுப்பர் அவர். கதை, வசனம், இசை எல்லாம் அவரே. படப்பிடிப்பு நடந்த இடம் போர்ட் ஸ்காட். 1971ல் எடுத்த "ஷாப்ட்" என்ற துப்பறியும் படம் வசூலில் அதை மிஞ்சியது. ஆனால் முதல் படத்தில் இருக்கும் ஈரம் அதில் இல்லை.

உயர்நிலைப் பள்ளிப் படிப்பை முடிக்காத அவருக்குப் பல்கலைக்கழகங்கள் 40க்கு மேற்பட்ட கௌரவப் பட்டங்கள் வழங்கின. 2004ல் போர்ட் ஸ்காட் கல்லூரியிலேயே அவர் பெயரில் ஒரு காட்சிசாலை ஏற்பட்டது.

2006ம் ஆண்டு மார்ச் 7ந் தேதி, 93வது வயதில் நியூயார்க்கில் காலமானார். உடலைப் போர்ட் ஸ்காட்டுக்குக் கொண்டுவந்து தாய் தகப்பனார் அருகே அடக்கம் செய்தார்கள்.

1950ல் எடுத்த பள்ளித் தோழர்களின் படங்கள் 2015ல் பாஸ்டன் நகரக் கலைக்கூடத்தில் மாட்டப்பட்டன. 65 வருஷம் கழித்து!