பகைவர் நாட்டுப் பாட்டு

இரங்கூனின் கிழக்கேயுள்ள தின்கன்ஜூனிலும் சரி, பர்மாவின் ஏனைய ஊர்களிலும் சரி, பர்மியச் செவ்விசையைச் செவிமடுப்போர் 'யோதயா' என்னும் பாடல் வகையை அறிவர். யோதயா என்பது சயாமின் பழைய தலைநகரான அயுத்தயாவுக்குப் பர்மியர் வழங்கிய பெயர். பகைவர் நகரின் பெயர் பாட்டுக்கு வந்தது எவ்வாறு?

1767இல் பர்மியப் படை அயுத்தயாவை அழித்தது. சிறைப்பட்டுச் சென்றோருள் அரசவைப் பாடகரும் ஆடுநரும் இருந்தனர். அவர்தம் கலை வென்றவரின் அவையிலேயே வேரூன்றிற்று. 1789இல் சயாமிய, சாவக நாடகங்களைப் பர்மிய மொழியிற் பெயர்க்க அரசவை ஒரு குழுவை அமைத்தது. அக்குழுவில் இருந்த மியாவதி மின்ஜி ஊ சா (1766–1853), சயாமிய மெட்டுகளைத் தழுவிப் பர்மியப் பாடல்கள் இயற்றினார். இராமகாதைக் கூத்தும் பர்மிய மேடையில் நிலைபெற்றது.

இசை போரை நிறுத்தியதா? இல்லை. 1785இல் பர்மியப் படை மீண்டும் சயாமின்மீது சென்றது. 1850களிலும் இரு நாடுகளும் பொருதின. ஆயினும், பகைவனின் பாட்டைத் தன் பாட்டாகப் பேணிய மக்கள் அவனையும் மனிதனாகக் காண ஒரு வழியைத் திறந்து வைத்தனர்.

நாம் தஞ்சம் புகுந்த நாடுகளிலும் நம் பிள்ளைகளின் ஆடலுக்குக் கைதட்டுவோர் உளர். அதனை மகிழ்ந்தேற்போம். ஆனால், கைதட்டல் நம் வழக்கின் தீர்ப்பு அன்று. பாட்டை விரும்பியவரிடம், பாடியவரின் உரிமையையும் எடுத்துரைப்பது நம் கடன்.